போய்சரில் வீடு வாங்கலாமா? பழைய அணு உலையும் தரகரின் சான்றிதழும்

கேள்வி: மும்பை செம்பூரில் வசிக்கும் ஓய்வுபெற்ற வங்கி ஊழியன் நான். மகனுக்கு மும்பைக்கு வடக்கே உள்ள போய்சர் தொழிற்பேட்டையில் வேலை கிடைத்திருப்பதால் அங்கே ஓர் அடுக்ககத்தில் வீடு பார்த்திருக்கிறோம். அருகிலுள்ள தாராப்பூர் அணுமின் நிலையம் 50 ஆண்டுகளைக் கடந்த, ஆயுள் முடிந்த நிலையம் என்று உறவினர்கள் பயமுறுத்துகிறார்கள். தரகரோ, 15,000 ரூபாய் கொடுத்தால் அந்த வீட்டுக்குக் ‘கதிர்வீச்சு இல்லை’ என்று அரசுச் சான்றிதழ் வாங்கித் தருவதாகச் சொல்கிறார். பேரக்குழந்தை வளரப்போகும் வீடு. சான்றிதழை வாங்கிக்கொண்டு வீட்டை முடித்துவிடலாமா?

பதில்: ஐயா, முதலில் அந்த 15,000 ரூபாயைக் கொடுக்காதீர்கள். தனியார் வீட்டுக்குக் கதிர்வீச்சு இல்லை என்று சான்றளிக்கும் அரசு அலுவலகம் எதுவும் கிடையாது. இப்படிப்பட்ட தாள் ஒன்றை ஒரு நண்பர் என்னிடம் கொண்டுவந்து காட்டியிருக்கிறார். மூன்று சிங்கமுகச் சின்னம், நீல மையில் ஒரு முத்திரை, நடுவே ‘கதிர்வீச்சு அளவு: பூஜ்யம்’ என்று கொட்டை எழுத்தில் ஒரு வரி. அந்த ஒரு வரியே அது போலி என்பதற்குப் போதுமான சாட்சி. மண்ணிலிருந்தும் வானத்திலிருந்தும் மூச்சுக்காற்றிலிருந்தும் உலகில் ஒரு மனிதர் சராசரியாக ஆண்டுக்கு 2.4 மில்லிசீவெர்ட் (உடல் பெறும் கதிர்வீச்சை அளக்கும் அலகு) இயற்கைக் கதிர்வீச்சைப் பெறுகிறார். பூஜ்யம் என்ற இடம் பூமியில் இல்லை. ஏற்றுமதியாகும் உணவுப் பொருள்களைச் சோதித்துக் கதிரியக்கச் சான்று தரும் முறை ஒன்று மும்பையில் நடைமுறையில் இருக்கிறது. அந்தப் படிவத்தின் சாயலை வைத்துக்கொண்டுதான் இவர்கள் வீட்டுக்கும் தாள் அடிக்கிறார்கள் என்பது என் ஊகம். சிலர் கையடக்க மீட்டர் ஒன்றைக் கொண்டுவந்து கூடத்தில் வைத்து எண்ணைக் காட்டுவார்கள். அந்த எண் எங்கிருந்து வருகிறது என்பதை மீட்டர் சொல்லாது. சமையலறைக் கிரானைட் மேடையின் மேல் வைத்தால் எண் கொஞ்சம் கூடுதலாகவே காட்டும். வாங்குபவரிடம் கூடத்து எண்ணையும், விலையைக் குறைக்க வேண்டியபோது விற்பவரிடம் மேடை எண்ணையும் காட்டினால் அவர்களுக்கு இரண்டு பக்கமும் வியாபாரம்.

இனி, ‘ஆயுள் முடிந்த நிலையம்’ என்ற பேச்சுக்கு வருவோம். தாராப்பூரில் இருப்பது ஒரே வயதுடைய ஒரே நிலையம் அல்ல. முதல் இரண்டு உலைகள் 1969-இல் வணிக உற்பத்தியைத் தொடங்கிய கொதிநீர் உலைகள், அதாவது உலைக்குள்ளேயே நீர் கொதித்து நீராவியாகும் வகை. மூன்றாவதும் நான்காவதும் 2005, 2006-ஆம் ஆண்டுகளில் உற்பத்திக்கு வந்த, கனமான ஹைட்ரஜன் கொண்ட நீரைப் பயன்படுத்தும் வேறு வகையைச் சேர்ந்த 540 மெகாவாட் கனநீர் உலைகள். அணுமின் நிலையத்துக்கு 40 ஆண்டு ஆயுள் என்று எல்லோரும் சொல்லும் கணக்கு, அமெரிக்காவில் உரிமம் வழங்கத் தொடங்கிய காலத்தில் பொருளாதாரக் காரணங்களை ஒட்டி வைக்கப்பட்டது. அந்த ஆண்டில் இரும்பு உளுத்துப்போகும் என்று எந்தப் பொறியாளரும் கணக்கிட்டு வைத்ததல்ல. அங்கேயே இப்போது 60 ஆண்டுகள் வரை, சில உலைகளுக்கு 80 ஆண்டுகள் வரை உரிமம் நீட்டித்திருக்கிறார்கள். வயதாவது நிலையம் முழுவதும் ஒரே சீராக நடப்பதில்லை. ஒவ்வொரு பாகமும் தனித்தனி வேகத்தில் மூப்படைகிறது. வெப்பத்தில் கேபிளின் உறை இறுகிப் பிளவுபடும், குழாயின் பற்றவைத்த இடத்தில் மயிரிழை விரிசல் ஓடும், வால்வின் அடைப்பான் தேயும். இவற்றையெல்லாம் மாற்ற முடியும், மாற்றியும் இருக்கிறார்கள். கல்பாக்கம் உலைகளில் கூலண்ட் சேனல்கள் எனப்படும் அழுத்தக் குழாய்கள், உலை ஒன்றுக்கு 306 வீதம், முற்றிலும் கழற்றி மேம்பட்ட உலோகக் கலவையில் மாற்றப்பட்டன. தாராப்பூரின் முதல் இரண்டு உலைகள் 210 மெகாவாட்டுக்குக் கட்டப்பட்டவை. துணை நீராவி உற்பத்திக் கலன்களின் குழாய்களில் கசிவு வந்ததால் அவற்றை ஒதுக்கிவிட்டு, 160 மெகாவாட்டுக்குக் குறைத்துக்கொண்டார்கள். பழுதான பாகத்தைக் கட்டி இழுக்காமல் உற்பத்தியை விட்டுக்கொடுப்பதும் மூப்பைச் சமாளிக்கும் வழிகளில் ஒன்று.

ஆனால் மாற்ற முடியாத பாகம் ஒன்று உண்டு. அதை விட்டுவிட்டு ‘எல்லாவற்றையும் மாற்றலாம்’ என்று சொன்னால் நான் தங்களுக்குப் பாதி உண்மையைத்தான் சொன்னவனாவேன். எரிபொருளைச் சுற்றி நிற்கும் பெரிய எஃகு அழுத்தக் கலன்தான் அது. பல ஆண்டுகளாக எரிபொருளிலிருந்து பாயும் நியூட்ரான் துகள்கள் தாக்கத் தாக்க எஃகின் வளையும் தன்மை குறைந்து, குளிர்ந்த நிலையில் அது நொறுங்கும் தன்மையை அடைகிறது; சூடாக இயங்கும்போது அதனால் தொல்லை இல்லை, சூட்டிலிருந்து அது திடீரென்று குளிர நேரும் வேளையில்தான் கவலை. இதைக் கண்காணிக்க, கலன் செய்யப்பட்ட அதே எஃகில் சிறு துண்டுகளை வெட்டித் தொடக்கத்திலேயே உலைக்குள் தொங்கவிட்டு வைப்பார்கள். குறிப்பிட்ட ஆண்டுகளுக்கு ஒருமுறை ஒன்றிரண்டை வெளியே எடுத்து, சுத்தியல் ஊசலால் உடைத்து, எந்த வெப்பநிலையில் எவ்வளவு அடியைத் தாங்குகிறது என்று பார்ப்பார்கள். ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது இங்கே அப்படியே பொருந்தும். ஆனால் இந்தச் சோறு கொஞ்சம் முன்கூட்டியே வெந்துவிடும். துண்டுகள் எரிபொருளுக்குக் கலனின் சுவரைவிட அருகில் தொங்குவதால், சுவர் இனி அடையப்போகும் நிலையை அவை முன்னதாகக் காட்டிவிடுகின்றன. கொதிநீர் உலைகளில் எரிபொருளுக்கும் சுவருக்கும் இடையே அகலமான நீர் வளையம் இருந்து நியூட்ரான்களைத் தணிப்பதால், வேறு வகை நீர் உலைகளைவிட இந்தப் பாதிப்பு குறைவு. மூன்றாம், நான்காம் உலைகளிலோ இப்படிப்பட்ட ஒற்றைப் பெரும் அழுத்தக் கலனே கிடையாது. அங்கே எரிபொருளைத் தாங்குபவை உலை ஒன்றுக்கு 392 தனித்தனி அழுத்தக் குழாய்கள். ஆகவே ‘கலன் உடைந்துவிடும்’ என்று யாராவது சொன்னால், எந்த உலையின் கலன் என்று கேளுங்கள்.

என் பணிக்காலம் முழுவதும் உலோகப் பரிசோதனையில் கழிந்தது. அந்த அனுபவத்தில் நான் அஞ்சுவது பழைய பாகத்தை அல்ல, சோதனைப் பட்டியலில் விடுபட்ட பாகத்தை. ஜப்பானின் மிஹாமா நிலையத்தில் 2004 ஆகஸ்ட் 9 அன்று, கதிரியக்கமே இல்லாத நீராவிப் பகுதியில் ஒரு குழாய் வெடித்து ஐந்து தொழிலாளர்கள் வெந்து இறந்தார்கள். 10 மில்லிமீட்டர் தடிமன் இருக்க வேண்டிய குழாயின் சுவர், உள்ளே ஓடிய நீர் அரித்து அரித்து 1.4 மில்லிமீட்டராக மெலிந்திருந்தது. 1976-இல் உலை ஓடத் தொடங்கியது முதல் அந்த இடத்தை ஒருவரும் அளந்து பார்க்கவில்லை, ஏனென்றால் பட்டியலில் அந்த இடமே இல்லை. தாராப்பூரின் பழைய உலைகளை 2020 முதல் நீண்டகாலம் நிறுத்தி, உலைக்குள் நீரைச் சுற்றவிடும் மறுசுழற்சிக் குழாய்களை மாற்றும் பணியை மேற்கொண்டதைக் கேட்டுத் தங்கள் உறவினர்கள் பயந்திருக்கலாம். எனக்கு அது ஆறுதலான செய்தி. அந்தத் தலைமுறைக் கொதிநீர் உலைகளின் எஃகுக் குழாய்களில் பற்றவைப்புக்கு அருகே விரிசல் வருவது உலகம் முழுக்க அறியப்பட்ட நோய். அதற்காக உலையை நிறுத்துவதுதான் முறையான வைத்தியம்.

இந்த வேலையெல்லாம் நடக்கிறதா என்று பார்க்கும் பொறுப்பு, அணுசக்தி நகரில், தங்கள் செம்பூருக்குப் பக்கத்திலேயே இருக்கும் அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்துடையது. இயக்க உரிமம் அதிகபட்சம் ஐந்து ஆண்டுகளுக்குத்தான். பத்து ஆண்டுகளுக்கு ஒருமுறை முழு மறுஆய்வு. நிலையத்தால் பொதுமக்களுக்குச் சேரலாம் என்று வைத்திருக்கும் உச்சவரம்பு ஆண்டுக்கு 1 மில்லிசீவெர்ட். வேலியோரத்தில் உண்மையில் எவ்வளவு என்பதை ஒவ்வொரு நிலையத்துக்கும் வாரியத்தின் ஆண்டறிக்கை வெளியிடுகிறது, தாராப்பூரின் அளவு வரம்புக்கு வெகு கீழே இருக்கிறது. ஆனால் இந்த அறிக்கையைப் போய்சரில் காய்கறி விற்கும் அம்மாவோ, அங்கே வீடு வாங்கப்போகும் தாங்களோ எங்கே போய்ப் படிப்பது? வரைபடமும் சுருக்கெழுத்துகளுமாக வல்லுநர்களுக்கு எழுதப்பட்ட அறிக்கை அது. ஒரு பக்கம், எளிய மராத்தியில், கிராமப் பஞ்சாயத்து அலுவலகச் சுவரில் ஒட்டினால் போதும். அதைச் செய்யாமல் இத்தனை காலம் இருந்ததால்தான், நல்ல தகவல் அரசின் அலமாரியிலும் கெட்ட தகவல் தரகரின் வாயிலும் இருக்கிறது. இதை நினைக்கும்போது எனக்குக் கோபம்தான் வருகிறது.

தரகர்களைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். ‘நிலையத்தை மூடப்போகிறார்கள், நிலம் இரட்டிப்பாகும்’ என்பதும் ‘நிலையம் விரிவாகப்போகிறது, அரசு இழப்பீடு தரும்’ என்பதும் ஒரே வாரத்தில் ஒரே ஆள் சொல்லக் கேட்கலாம், இரண்டையும் நம்பாதீர்கள். தாராப்பூர் நிலையத்தைச் சுற்றி 1.6 கிலோமீட்டர் வரை குடியிருப்புக்கு இடமில்லை. 5 கிலோமீட்டர் வரை இயல்பான வளர்ச்சிக்கு மேல் பெரிய குடியேற்றத்தைக் கட்டுப்படுத்துவார்கள். 16 கிலோமீட்டர் வரை அவசரகாலத் திட்டப் பகுதி. மலிவு மனை என்று காட்டப்படுவது அந்த 5 கிலோமீட்டருக்குள் இருக்கக்கூடும். போய்சர் நகரம் அதற்கு வெளியே, ஆனால் 16 கிலோமீட்டருக்குள் இருக்கிறது. எனவே மனையின் 7/12 பதிவு (மகாராஷ்டிரத்தின் நில உரிமை ஆவணம்), விவசாயமல்லாத பயன்பாட்டுக்கான ஆணை, மகாரேரா எனப்படும் மாநில வீட்டுமனை ஒழுங்குமுறை ஆணையத்தின் பதிவு எண் ஆகிய மூன்றையும் தாங்களே பால்கர் மாவட்ட அலுவலகத்திலும் இணையத்திலும் சரிபாருங்கள். தரகர் தரும் ஜெராக்ஸ் நகல் போதாது. நிலையத்துக்கு வெளியே விபத்துக்கால ஏற்பாட்டுக்குத் தலைமை வகிப்பவர் மாவட்ட ஆட்சியர் என்பதால், அந்தப் பகுதிக்கான தங்குமிடமும் வெளியேறும் சாலையும் எவை என்பதை அங்கேயே எழுதி வாங்கிக்கொள்ளலாம்.

இத்தனையும் சரியாக இருந்தால், உலையின் வயதை மட்டும் காரணம் காட்டி வீட்டைக் கைவிட வேண்டியதில்லை. குழந்தைக்காக ஒரு சோதனை செய்ய விரும்பினால் அந்த 15,000 ரூபாயில் ஒரு பகுதியை அடுக்ககத்தின் ஆழ்துளைக் கிணற்று நீருக்குச் செலவிடுங்கள். போய்சரிலுள்ள தாராப்பூர் தொழிற்பேட்டையின் ரசாயனக் கழிவு நாட்டிலேயே மிக மோசமாக மாசுபட்ட தொழிற்பகுதிகளின் பட்டியலில் அந்த இடத்தைச் சேர்த்திருக்கிறது. மகனும் அங்கேதான் வேலைக்குப் போகிறார். அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்தில் கன உலோகங்களுக்கும் கரைப்பான்களுக்கும் சேர்த்தே பரிசோதனை கேளுங்கள், மாதிரியைத் தரகர் கையில் கொடுத்தனுப்பாமல் ஆய்வக ஊழியரே குழாயிலிருந்து எடுக்கச் சொல்லுங்கள், முடிவு வந்தபின் முன்பணத்தைப் பற்றிப் பேசுங்கள்.