கிழவனிடம் கேளுங்கள்

கேள்வி: ஐயா, உயர்தரம் படிக்கும் என் மகள் இரவிரவாக இந்தோனேசிய வீடியோ பார்க்கிறாள். சிரிக்கிறாள், திடீரென்று கத்துகிறாள். ஒரு சொல்லும் விளங்காது. அந்த நாட்டுக்காரர் எப்படி எங்கள் வீடு வரை வந்தார்கள்?
– ஒரு தாய், புதுக்குடியிருப்பு

பதில்: விளங்காமல் பார்ப்பது இன்று நேற்றுத் தொடங்கியதா, தங்கச்சி? தொண்ணூறுகளில் வன்னிக்கு மின்சாரம் இல்லாதபோது, ஜெனரேற்றரும் தொலைக்காட்சிப் பெட்டியும் வைத்துக் கொட்டிலில் படம் காட்டியவன் நான். தமிழ்க் கசெற் வராத ஒருநாள் ஹிந்திப் படம் போட்டேன். முன்னால் பாயில் இருந்த ஆச்சி ஒருவர் முந்தானையால் மூக்கைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். பாதியில் மண்ணெண்ணெய் தீர்ந்து இயந்திரம் நின்றது. மிச்சக் கதையை ஆச்சியே இருட்டில் எல்லோருக்கும் சொல்லி முடித்தார். மறுநாள் படத்தை முழுதாகப் பார்த்தேன். ஆச்சி சொன்ன முடிவுதான் திறம்.

இனி இந்தோனேசியா. 2020 கணக்கெடுப்பில் அங்கே 27 கோடிப் பேர். மொழிகளோ 700க்கு மேல். 1928இல் இளைஞர்கள் கூடிப் பொதுமொழிக்கு உறுதி எடுத்தபோது, அதிகம் பேர் பேசிய ஜாவா மொழியை விட்டுவிட்டு, துறைமுகங்களில் கொடுக்கல் வாங்கலுக்குப் புழங்கிய மலாயை எடுத்துக்கொண்டார்கள். பெரிய கூட்டம் தன் மொழியைச் சிறிய கூட்டத்தின் தலையில் கட்டவில்லை என்பது எங்கள் நாட்டில் இருந்துகொண்டு நம்பக் கடினமான செய்தி.

அதனால் ஒருவர் கைத்தொலைபேசிக்கு முன் இருந்து பேசினால் மேற்கே சுமாத்திராவிலிருந்து கிழக்கே பப்புவா வரை விளங்குகிறது. 2019இல் அட்டா ஹலிலிந்தார் என்பவர் யூரியூப்பில் ஒரு கோடிச் சந்தாதாரரைத் தொட்டார். தென்கிழக்காசியாவில் அவர்தான் முதல் ஆள். அதே ஆண்டு, கிராமத்துக்குச் சேவை செய்யப் போன பல்கலைக்கழக மாணவர்களைப் பேய் ஆட்டிவைத்த கதையை ஒருவர் ட்விற்றரில் துண்டு துண்டாக எழுதினார். 2022இல் அது படமாகி 90 இலட்சத்துக்கு மேற்பட்டோரைத் தியேட்டருக்கு இழுத்தது. மகளைக் கத்தவைப்பதும் அந்த மாதிரிப் பேயாகத்தான் இருக்கும். அடுத்த முறை நீங்களும் பக்கத்தில் இருந்து பாருங்கள்.

கேள்வி: இந்தோனேசியரின் பேச்சில் தமிழ்ச் சொற்கள் கேட்கின்றன. என் காதில் கோளாறா?
– மாங்குளம் வாசகர்

பதில்: காது சுகமாகத்தான் இருக்கிறது. கப்பல் அங்கே ‘கபல்’, கடை ‘கெடாய்’, வியாபாரத்துக்குப் போடும் முதல் ‘மொடல்’. மாப்பிள்ளை ‘மெம்பெலாய்’ ஆகிவிட்டார். மணமகளுக்கும் அதே சொல்தான். குளத்தைக் ‘கோலம்’ என்பார்கள், ஆனால் நீச்சல் தடாகமும் அவர்களுக்குக் கோலம்தான். எங்கள் இரணைமடுக் குளத்துக்கு இது பெரிய அவமானம். அவர்களின் ‘டங்டுட்’ பாட்டு, மேளச் சத்தத்தையே பெயராக வைத்துக்கொண்டது. மலாய் இசையோடு ஹிந்திப் படப்பாட்டையும் குழைத்தது அது. எங்கள் காதுக்குப் பழகியதுபோல் இருப்பதில் வியப்பில்லை.

கேள்வி: யூரியூப்பில் கிராமத்துக் காட்சிகள் போடுகிறேன். இந்தியத் தமிழில் பேசினால்தான் பார்ப்பார்கள் என்கிறார்கள் நண்பர்கள். மாற்றட்டுமா?
– ஓர் இளைஞன், பரந்தன்

பதில்: தம்பி, முதல் பதிலில் பொதுமொழியைப் புகழ்ந்தீர்களே என்று என்னை மடக்காதீர்கள். டிடி கெம்போட் என்ற இந்தோனேசியப் பாடகர் கடைசிவரை ஜாவா மொழியில்தான் அதிகம் பாடினார். சோலோ நகரின் ரயில் நிலையத்தில் காதலியைப் பிரிந்தவனின் பாட்டு அவருடையது. 2020இல் அவர் இறப்பதற்குச் சற்று முன்புகூட, பிள்ளைகளின் வயதுப் பெடியன்கள் கூடிநின்று அழுது பாடினார்கள். 2022 ஓகஸ்ட் 17, சுதந்திர தினத்தன்று ஜனாதிபதி மாளிகையில் ஒரு சிறுவன் பாடியதும் ஜாவா மொழிப் பாட்டுத்தான். அமைச்சர்கள் எழுந்து ஆடினார்கள்.

நீங்கள் அனுப்பிய வீடியோவைப் பார்த்தேன். சந்தியில் பாலைப்பழம் விற்கும் அம்மா “எட, வெயிலை மறைக்காதை, அங்கால...” என்று தொடங்கும்போதே வெட்டிவிட்டீர்கள். அங்கால என்ன சொன்னார்? அதைப் போடுங்கள்.