படிக்கும் செயலியில் இல்லாததைக் கைபேசியிடம் கேளுங்கள்

கேள்வி: இணையத்தில் கண்ணில் படும் கட்டுரைகளைப் பிறகு படிக்கலாம் என்று மூன்று ஆண்டுகளாக ஒரு செயலியில் சேமித்து வருகிறேன். ஏறக்குறைய 600 கட்டுரைகள் சேர்ந்துவிட்டன. விளம்பரம் இல்லை, எழுத்து கண்ணுக்கு இதமாக இருக்கிறது. ஆனால் தமிழில் தேடினால் பல சமயம் கிடைப்பதில்லை. முக்கியமான வரியைக் குறித்துவைக்க வழியில்லை. வாசித்துக் காட்டும் வசதியும் இல்லை. நெட் இல்லாத இடத்தில் சில கட்டுரைகள் திறப்பதே இல்லை. இதிலேயே சமாளிக்கலாமா, வேறு செயலிக்கு மாறிவிடலாமா?

பதில்: நீங்கள் சொன்ன நான்கு குறைகளுக்கும் மாற்றுவழி உண்டு; அவற்றுக்காகச் செயலியை மாற்ற வேண்டாம். நீங்கள் கேட்காத ஐந்தாவது வசதி ஒன்று இருக்கிறது. மாறுவதா வேண்டாமா என்பது அதைப் பொறுத்தது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

முதலில் தேடல். பெரும்பாலான செயலிகள் நீங்கள் அடித்த சொல்லை எழுத்துக்கு எழுத்து ஒப்பிட்டுப் பார்ப்பதோடு சரி. தமிழ்ச் சொல்லோ வேற்றுமை உருபு ஏறியதும் உருமாறிவிடுகிறது. 'வெள்ளம்' என்று தேடினால், 'வெள்ளத்தில்', 'வெள்ளத்தால்' என்று மட்டும் எழுதியிருக்கும் கட்டுரை வராது. இறுதி மெய்யை விட்டுவிட்டு 'வெள்ள' என்று அடித்துப் பாருங்கள். சம்பந்தமில்லாத ஒன்றிரண்டு கூடவே வரும், தேடியதும் வந்துவிடும். அதாவது, சொல்லில் எந்த உருபு ஏறினாலும் மாறாமல் நிற்கும் பகுதியை மட்டும் தேட வேண்டும்.

இதிலும் கிடைக்காவிட்டால் சிக்கல் இன்னும் நுணுக்கமானது. கணினியில் எழுத்துகளைப் பதியும் பொதுக் குறியீட்டு முறையான யூனிகோடில் 'கொ' என்ற எழுத்தை இரண்டு விதமாகப் பதியலாம். ககரத்தை அடுத்து 'ொ' என்ற ஒரே குறியீடு வரலாம். அல்லது ஒற்றைக் கொம்பும் காலும் தனித்தனிக் குறியீடுகளாக வரலாம். கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். இரண்டையும் சமமாக்கிக்கொள்ளத் தெரியாத தேடலுக்கு அவை வெவ்வேறு சொற்கள். பழைய எழுத்துருக்களிலிருந்து மாற்றி ஏற்றிய பக்கங்களில் இப்படி நேர வாய்ப்பு அதிகம். அப்போது கொ, கோ, கௌ போன்ற எழுத்துகள் இல்லாத வேறொரு சொல்லை அந்தக் கட்டுரையிலிருந்து நினைவுபடுத்தித் தேடுங்கள். தலைப்பை மட்டுமே தேடும் செயலிகளும் உண்டு. உங்களுடையது அந்த வகை என்றால், தலைப்பைத் திருத்த முடிகிறதா என்று பாருங்கள். முடிந்தால், சேமிக்கும்போதே தலைப்பின் முன்னால் 'மண்', 'சட்டம்', 'உடல்' என்று உங்களுக்குப் பழகிய ஒரு சொல்லைச் சேர்த்துவிடலாம். குறிச்சொல் வசதியும் இல்லையென்றால் இதுவே அந்த வேலையையும் செய்யும்.

வரிகளைக் குறித்துவைப்பது பற்றி எனக்கு உறுதியான ஒரு கருத்து உண்டு. அந்த வசதி செயலியில் இருந்தாலும் அதை மட்டும் நம்பி இருக்காதீர்கள். முன்பு நான் பயன்படுத்திய ஒரு செயலியை விட்டு வெளியேறியபோது கட்டுரை இணைப்புகள் கோப்பாக வந்தன. அடிக்கோடிட்ட வரிகளில் ஒன்றுகூட வரவில்லை. அன்றிலிருந்து குறிப்புகளைச் செயலிக்கு வெளியேதான் வைத்திருக்கிறேன்.

செய்யும் முறை எளிது. கட்டுரையைச் செயலியிலிருந்து உலாவியில் திறந்துகொள்ளுங்கள். வேண்டிய வரியை அழுத்திப் பிடித்துத் தேர்ந்தெடுத்துப் பகிருங்கள். குரோம் உலாவி அந்த வரிக்கே நேராகக் கொண்டுபோய் நிறுத்தும் இணைப்பை உருவாக்கித் தருகிறது. 2020 முதல் இந்த வகை இணைப்பைத் திறக்கும் வசதி அதில் இருக்கிறது. முகவரியின் கடைசியில் # குறியும் அதன்பின் நீங்கள் தேர்ந்தெடுத்த சொற்களும் சேர்ந்திருக்கும். தமிழில் மட்டும் ஒரு தொல்லை: ஒவ்வொரு தமிழ்க் குறியீடும் முகவரிக்குள் 9 எழுத்துகளாக விரியும், புள்ளியும் கொம்பும் உட்பட. நீண்ட வரியை அப்படியே தேர்ந்தெடுத்தால் இணைப்பு வால்போல் நீளும். ஆகவே வரியின் முதல் மூன்று, நான்கு சொற்களை மட்டும் தேர்ந்தெடுங்கள். எழுதியவர் பிறகு அந்த வரியைத் திருத்திவிட்டால் இணைப்பு பக்கத்தைத் திறக்கும், வரியைக் காட்டாது. அதனால் வரியையும் நகலெடுத்து இணைப்போடு சேர்த்தே வையுங்கள். எங்கே வைப்பது? கைபேசியின் குறிப்பேடு போதும். டெலிகிராம் வைத்திருப்பவர்கள் தமக்குத் தாமே அனுப்பிக்கொள்ளும் 'சேமித்த செய்திகள்' பகுதியில் #mann என்பதுபோல் ஆங்கில எழுத்தில் ஒரு சொல்லோடு போட்டுவைத்தால், பிறகு அதைத் தட்டினாலே அத்தனை குறிப்புகளும் வரிசையாக வரும்.

வாசித்துக் காட்டுவதைக் கைபேசியே செய்யும். ஐஃபோனில் அணுகல்தன்மை அமைப்புகளுக்குள் திரையைப் படிக்கும் வசதியை இயக்கிவிட்டு, கட்டுரை திறந்திருக்கும்போது இரண்டு விரல்களால் மேலிருந்து கீழே இழுங்கள். ஆண்ட்ராய்டிலும் அணுகல்தன்மைப் பகுதியிலேயே, தேர்ந்தெடுத்த பகுதியைப் பேசும் வசதி இருக்கிறது. தமிழ்க் குரலைத் தனியாக இறக்கி வைத்திருக்கிறீர்களா என்று முதலில் பாருங்கள். எண்களையும் ஆங்கிலச் சொற்களையும் மட்டும் படித்துவிட்டு மற்றதைத் தாண்டிப்போனால், தமிழ்க் குரல் இல்லை என்று பொருள்.

நெட் இல்லாதபோது திறக்காததற்குப் பெரும்பாலும் காரணம் பேட்டரிச் சிக்கன அமைப்பு. கட்டுரையைச் சேமித்த நொடியில் செயலிக்குப் போவது இணைப்பு மட்டும்தான். உள்ளடக்கம் பின்னணியில் பிறகு இறங்கும். ஆண்ட்ராய்டு அந்தப் பின்னணி வேலையை நிறுத்திவிட்டால் பட்டியலில் தலைப்பு இருக்கும், உள்ளே ஒன்றும் இருக்காது. செயலியின் பேட்டரி அமைப்பில் கட்டுப்பாட்டை நீக்குங்கள். பயணத்துக்கு முன் செயலியை ஒருமுறை திறந்து, பட்டியலைக் கீழே இழுத்துப் புதுப்பித்து, விமானப் பயன்முறையைப் போட்டுக் கடைசியாகச் சேமித்த மூன்று கட்டுரைகளைத் திறந்து பாருங்கள். மிக முக்கியமானவற்றை உலாவியின் அச்சிடும் வசதி வழியாகப் பிடிஎஃப் ஆக்கிக்கொள்ளலாம்.

இனி அந்த ஐந்தாவது வசதி: ஏற்றுமதி. உங்கள் 600 இணைப்புகளையும் ஒரே கோப்பாக வெளியே எடுக்கும் பொத்தான் செயலியில் இருக்கிறதா? 2007-இல் 'ரீட் இட் லேட்டர்' என்று தொடங்கி, 2012-இல் 'பாக்கெட்' என்று பெயர் மாறி, 2017-இல் ஃபயர்பாக்ஸ் உலாவியைத் தரும் மொசில்லாவின் கைக்குப் போன செயலி இந்தத் துறையில் மிகப் பெரிய பெயர்களில் ஒன்று. அதுவே 2025 ஜூலை 8 அன்று மூடப்பட்டது. அதற்கு முந்தைய ஆண்டின் இறுதியில் இதே வகைச் செயலியான ஆம்னிவோர் மூடப்பட்டது. இரண்டிலும் ஏற்றுமதி வசதி இருந்ததால், கெடுவுக்குள் முனைந்தவர்கள் தங்கள் பட்டியலைக் காப்பாற்றிக்கொண்டார்கள். மற்ற நான்கு குறைகளையும் கைபேசி ஈடுகட்டிவிடும். இந்த ஒன்றை வெளியிலிருந்து ஈடுகட்டுவது பெரும்பாடு.

பொத்தான் இருந்தால் இன்றே ஒரு கோப்பை எடுத்து வேறோர் இடத்தில் வையுங்கள்; மாதம் ஒருமுறை புதுப்பியுங்கள்; அந்தச் செயலியிலேயே நிம்மதியாகத் தொடருங்கள். இல்லையென்றால் மாறுவது நல்லது. செயலிக்கு இணையப் பதிப்பு இருந்தால் கணினியில் திறந்து, பட்டியலின் அடிவரை போய், எல்லாவற்றையும் தேர்ந்தெடுத்து ஒரு விரிதாளில் ஒட்டுங்கள். பெரும்பாலும் தலைப்புகளோடு இணைப்புகளும் வந்துவிடும். ஒரே மூச்சில் வராவிட்டால் நூறு நூறாக எடுக்கலாம். இணையப் பதிப்பும் இல்லையென்றால் ஒவ்வொன்றாகப் பகிர்ந்துதான் எடுக்க வேண்டும். அப்போது 600-ஐயும் இழுத்துக்கொண்டு போகாதீர்கள். திரும்பவும் படிப்பேன் என்று மனம் சொல்பவற்றை மட்டும் எடுங்கள். அவற்றின் மூலப் பக்கம் மறைந்துவிடுமோ என்ற அச்சம் இருந்தால் அந்த முகவரியை இணையப் பக்கங்களின் நகலைப் பாதுகாத்துவைக்கும் இன்டர்நெட் ஆர்க்கைவின் வேபேக் மெஷினில் கொடுத்துச் சேமித்துவிடுங்கள். கணக்குத் தொடங்காமலே செய்யலாம். புதிய செயலியாக வாலபேக்கைப் பரிசீலிக்கலாம். அது திறமூல மென்பொருள், கட்டுரைகளை ஈபப் என்ற மின்னூல் கோப்பாகவும் தரும். கைபேசியின் சிறிய திரையில் படிக்கப் பிடிஎஃபைவிட ஈபப் எவ்வளவோ மேல்.