அம்மாவின் முழங்கால் வலி: அட்டையின் பின்பக்கத்தைப் படியுங்கள்

கேள்வி: என் அம்மாவுக்கு 76 வயது. பிரஷர், சுகர் இரண்டுக்கும் மாத்திரை சாப்பிடுகிறார். முழங்கால் தேய்மானம். வலிக்கு மெடிக்கலில் கேட்டு வாங்கிய மாத்திரை இப்போது தினமும் இரண்டு வேளை ஆகிவிட்டது. சமீபமாகக் கால் வீங்குகிறது. தொடரலாமா?

பதில்: அந்த அட்டையின் பின்பக்கத்தைப் படியுங்கள். டைக்ளோஃபினாக், அசிக்ளோஃபினாக், ஐபுப்ரோஃபென் என்று இருந்தால் இன்றே நிறுத்திவிட்டு, இந்த வாரத்துக்குள் டாக்டரிடம் காட்டுங்கள். இந்த வகை மாத்திரைகள் உடம்பில் உப்பையும் நீரையும் தேக்கும், பிரஷரை ஏற்றும், சிறுநீரகத்துக்குப் போகும் ரத்தத்தைக் குறைக்கும். டெல்மிசார்டான் என்ற பிரஷர் மாத்திரையோடு நீர் பிரியும் மருந்தும் சாப்பிடுபவர் என்றால் (பல சமயம் இரண்டும் ஒரே மாத்திரைக்குள் இருக்கும்) ஆபத்து இன்னும் கூடுதல். ரத்தத்தில் கிரியாட்டினின் (சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது என்று காட்டும் அளவு), பொட்டாசியம் இரண்டும் பார்க்க வேண்டும். அம்லோடிபின் என்ற பிரஷர் மாத்திரையாலும் கால் வீங்கும். அதற்காகப் பிரஷர் மாத்திரையை நீங்களாக நிறுத்திவிடாதீர்கள். மூச்சு வாங்கினாலோ, சிறுநீர் குறைந்தாலோ, மலம் தார் மாதிரி கறுத்துப் போனாலோ அன்றே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும்.

"கூடவே கேஸ் மாத்திரை போடுறோமே?" என்பார்கள். அது வயிற்றைத்தான் காக்கும். சிறுநீரகத்துக்கு அதனால் ஒரு பயனும் இல்லை.

சரி, வலிக்கு என்ன செய்வது? பாராசிட்டமால் 500 மில்லிகிராம், ஒரு நாளைக்கு ஆறு மாத்திரைக்கு மேல் வேண்டாம். மெலிந்த உடம்பு, கல்லீரல் கோளாறு என்றால் அளவு இன்னும் குறையும். சளி மாத்திரைக்குள்ளும் பாராசிட்டமால் ஒளிந்திருக்கும்; அதையும் கணக்கில் சேருங்கள். உண்மையைச் சொன்னால், தேய்மான வலிக்கு இது சுமாராகத்தான் கேட்கும். முழங்காலுக்கு என் கை முதலில் போவது டைக்ளோஃபினாக் ஜெல்லுக்குத்தான். மேலே தடவுவதால் ரத்தத்தில் கலப்பது கொஞ்சம். ஆனாலும் கிரியாட்டினின் பார்த்த பிறகு, டாக்டரைக் கேட்டுத் தடவுங்கள். ஜெல்லின் மேல் ஒத்தடம் கூடாது. சுகரால் கால் மரத்திருந்தால் வெந்நீர்ப் பை சுட்டுப் புண்ணாகும் வரை தெரியாது. டிராமடால் என்ற வலி மாத்திரை தலையைச் சுற்ற வைக்கும், மலச்சிக்கல் தரும். ராத்திரி பாத்ரூம் போகிற வழியில் விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

மாத்திரையைவிட நெடுநாள் உதவுவது தொடைத் தசை. நாற்காலியில் உட்கார்ந்து ஒரு காலை நேராக நீட்டி, ஐந்து எண்ணி இறக்கட்டும். காலுக்குப் பத்து முறை, காலையும் மாலையும். கைத்தடியை வலி அதிகமுள்ள காலுக்கு எதிர்க் கையில் பிடிக்க வேண்டும். அநேகமாக எல்லோரும் மாற்றித்தான் பிடிக்கிறார்கள்!

அப்புறம், "வலிக்குதாம்மா?" என்று கேட்டால் "பரவாயில்லப்பா" என்றுதான் பதில் வரும். கோயில் வரை நடந்தாயா, ராத்திரி எத்தனை முறை முழித்தாய் என்று கேளுங்கள். டாக்டரிடம் போகும்போது வீட்டிலுள்ள எல்லா அட்டைகளையும் ஒரு பையில் போட்டுக்கொள்ளுங்கள். தலையணைக்கு அடியில் இருப்பதையும் சேர்த்து.