கத்தி மட்டும் போதுமா?

கேள்வி: கொலை வழக்கில் என் அண்ணனுக்கு செஷன்ஸ் கோர்ட் ஆயுள் தண்டனை விதித்துவிட்டது. நேரில் பார்த்த சாட்சி இல்லை. போலீஸ் எடுத்த கத்திதான் முக்கிய ஆதாரம். அப்பீலில் வாய்ப்பு உண்டா?
- வாசகர், விருதுநகர்

பதில்: உண்டு. மதுரை ஐகோர்ட் கிளையில் 60 நாளுக்குள் அப்பீல் போடுங்கள். தீர்ப்பு நகல் பெற ஆன நாட்கள் இதில் சேராது. கூடவே தண்டனையை நிறுத்தி வைக்கவும் மனு போடுங்கள்.

உங்கள் அண்ணன் போலீசிடம் 'நான்தான் குத்தினேன்' என்று சொல்லியிருந்தாலும் அது சாட்சியமாகாது. 'கத்தியைப் புதரில் ஒளித்திருக்கிறேன், காட்டுகிறேன்' என்பது போன்ற பகுதியும், அதன்படி கத்தி கிடைத்ததும் மட்டுமே எடுபடும். மகஜரை (கத்தியைக் கைப்பற்றியபோது சாட்சிகள் முன் போலீஸ் எழுதிய பதிவு) வரி வரியாகப் படியுங்கள். கத்தி கிடைத்தது யாரும் போய்வரும் இடமா? மகஜர் சாட்சிகள் கோர்ட்டில் பிறழ்ந்தார்களா? கத்திக்கு சீல் வைத்தார்களா, எந்தத் தேதியில் கோர்ட்டுக்கு வந்தது? இடையில் கத்தி எங்கே இருந்தது என்று கணக்குக் காட்டாத நாட்கள் இருந்தால் ரத்தப் பரிசோதனை அறிக்கையே ஆட்டம் காணும். 'மனித ரத்தம்' என்று மட்டும் இருந்து ரத்தப் பிரிவு தெரியாவிட்டால், அது இறந்தவருடையது என்று சொல்ல முடியாது. பலர் கோட்டைவிடுவது இங்கேதான்.

சரத் பிர்திசந்த் சார்தா வழக்கில் (1984) மரண தண்டனையை ரத்து செய்த சுப்ரீம் கோர்ட், சந்தர்ப்ப சாட்சிய (நேரில் பார்த்தவர் இல்லாமல் சூழ்நிலைகளை வைத்து நிரூபிப்பது) சங்கிலியில் ஒரு கண்ணியும் விடுபடக்கூடாது என்றது. வக்கீல் வைக்க வசதியில்லையென்றால் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாகவே ஏற்பாடு செய்யும், சிறையிலிருந்தும் விண்ணப்பிக்கலாம்.