ஆதாரமே இல்லாத குற்ற வழக்கை விசாரணைக்கு முன்பே நீதிமன்றம் ரத்து செய்யுமா?

செய்யும். எங்கள் வழக்கில் செய்தது.

குற்றப்பத்திரிகை தாக்கலாகி, வாய்தாவுக்கு வாய்தா அலைந்துகொண்டிருக்கிறீர்கள் என்று நினைக்கிறேன். வீட்டில் யாராவது "காலில் விழுந்தாவது சமாதானமாகப் போய்விடு" என்றும் சொல்லியிருப்பார்கள். அதையெல்லாம் கேட்டவன் நான்.

மேலூர் பக்கம் எங்கள் ஊர். 2017இல் வீட்டுக்குப் பின்னால் ஓடும் கழிவுநீர் வாய்க்காலை வைத்துப் பக்கத்து வீட்டோடு தகராறு. வாக்குவாதம் நடந்தது உண்மை, அதை மறைக்கவில்லை. ஆனால் நாங்கள் ஐந்து பேரும் "ஆபாசமாகத் திட்டி, கையால் அடித்து, கொன்றுவிடுவதாக மிரட்டினோம்" என்று அந்த வீட்டுப் பெண்மணி புகார் கொடுத்தார். இந்திய தண்டனைச் சட்டம் 294(பி), 323, 506(2). முழங்கால் வலியால் வாசற்படி இறங்காத என் அம்மா ஐந்தாம் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்களில் ஐந்தாமவர்.

நான் அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துபவன். குற்றப்பத்திரிகை நகல்கள் கைக்கு வந்த இரவே சாட்சிகளின் வாக்குமூலங்களை வரிவரியாக ஒப்பிட்டேன். நான்கும் ஒரே வாசகம். மூன்றாம் சாட்சி ஓர் ஆண். அவர் வாக்குமூலத்திலும் "என் கணவர் சத்தம் கேட்டு ஓடி வந்தார்" என்று இருந்தது. புகார்தாரரின் வரியை அப்படியே பெயர்த்து எழுதியிருக்கிறார்கள்! சிவப்பு மையால் வட்டமிட்டு மறுநாளே வழக்கறிஞரிடம் கொண்டுபோனேன்.

அவர் அதை ஓரமாக வைத்துவிட்டார். "இது குறுக்கு விசாரணைக்கு உதவும். சாட்சி சொல்வது உண்மையா பொய்யா என்று உயர் நீதிமன்றம் இந்தக் கட்டத்தில் எடைபோடாது. அவர்கள் சொல்வதெல்லாம் உண்மை என்றே வைத்துக்கொண்டாலும் குற்றம் வருகிறதா என்றுதான் பார்க்கும்" என்றார். வழக்கை ரத்து செய்யலாம் என்று பஜன்லால் என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த ஏழு சூழல்களில் அதுவும் ஒன்றாம்.

பிறகு போலீஸ் வரைந்த மாதிரி வரைபடத்தை எடுத்தார். சம்பவ இடமாகப் பெருக்கல் குறி போட்டிருந்தது புகார்தாரர் வீட்டுக் கொல்லைக்குள், நான்கு சுவருக்கு நடுவில். 294(பி)க்குப் பொது இடமாகவோ அதன் அருகிலோ இருக்க வேண்டும். என்ன வார்த்தை பேசினோம், ஐவரில் யார் அடித்தது, யார் மிரட்டியது என்று எந்தத் தாளிலும் இல்லை. மருத்துவமனைச் சீட்டும் இல்லை. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் மனுப் போட்டோம். 2019இல் ஐந்து பேர் மீதான வழக்கும் ரத்தானது. இப்போது அதே அதிகாரம், அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528ஆவது பிரிவில் இருக்கிறது.

குற்றவாளிக்குத் தப்பிக்க வழி சொல்கிறான் என்று யாரும் எழுத வேண்டாம். பெண்கள் கொடுக்கும் புகார் பொய் என்றும் நான் சொல்லவில்லை. நான் வழக்கறிஞரும் அல்ல. கண்ணால் பார்த்த சாட்சியும் காயச் சான்றிதழும் இருக்கிற வழக்கில் இந்த மனு பொதுவாக எடுபடாது. விசாரணையைச் சந்தித்துத்தான் ஆக வேண்டும்.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், நெடுநாளாக மனதில் கிடக்கும் பாரம் அது. புகார் தமிழ், வாக்குமூலம் தமிழ், குற்றப்பத்திரிகை தமிழ். எங்களை விடுவித்த உத்தரவு மட்டும் ஆங்கிலம். ராஜஸ்தான், உத்தரப் பிரதேசம், மத்தியப் பிரதேசம், பீகார் உயர் நீதிமன்றங்களில் இந்திக்கு அனுமதி உண்டு. தமிழுக்கும் வேண்டும் என்று நம் சட்டமன்றம் 2006இலேயே தீர்மானம் போட்டது, இன்னும் கிடைக்கவில்லை. அம்மா அந்தத் தாளைப் புரட்டிப் புரட்டிப் பார்த்து, "இதில் என் பெயர் எங்கே இருக்கிறது?" என்று கேட்டார். விரலைப் பிடித்துக் காட்டினேன்.

உங்களிடம் எல்லா நகல்களும் இருக்கின்றனவா? இல்லையென்றால் முதலில் நீதிமன்றத்தில் வாங்குங்கள். வாங்கியதும் அந்த வரைபடத்திலிருந்து படிக்கத் தொடங்குங்கள்.