மாற்றுத்திறனாளிகளின் விளையாட்டில் தன்னார்வலராகச் சேர ஆசை. விளையாட்டைப் பற்றி ஒன்றுமே தெரியாது. நான் போய் என்ன செய்ய முடியும்?

தாராளமாகப் போகலாம். எனக்கும் விளையாட்டு தெரியாது. ஆறு ஆண்டுகளாக ஞாயிறுதோறும் மதுரை ரேஸ்கோர்ஸ் மைதானத்துக்குப் போகிறேன். முதல் நாள் எனக்குக் கிடைத்த வேலை, நாற்காலியைக் கட்டுவது.

உட்கார்ந்தபடி குண்டு எறிபவர்களுக்கு உயரமான இரும்பு இருக்கை உண்டு. எறியும்போது அது அசையக் கூடாது என்பதால் பட்டைகளால் தரையோடு இழுத்துக் கட்டுவோம். வீரரின் தொடையையும் இருக்கையோடு பிணைப்போம். கட்டு தளர்ந்தால் அவர் பலத்தில் பாதி வீணாகிவிடும். எவ்வளவு இறுக்க வேண்டும் என்று அவரிடமே கேளுங்கள். காலில் உணர்ச்சி இல்லாதவருக்குப் பட்டை தோலை அறுப்பது தெரியாது. அவிழ்த்த பிறகு அந்த இடத்தைக் கட்டாயம் பார்க்கச் சொல்லுங்கள்.

ஓட முடிந்தவர் என்றால் பார்வையற்றவருக்கு வழிகாட்டியாக ஓடலாம். இருவர் கையிலும் ஒரு சிறு கயிறு இருக்கும். அதைப் பிடித்து இழுக்கக் கூடாது. கை வீச்சு ஒன்றாக வர வேண்டும். முடிவுக் கோட்டை வழிகாட்டி முந்திவிட்டால் வீரர் தகுதி இழப்பார். பழக மாதக்கணக்கில் ஆகும்.

இந்த வேலைகளுக்கு எப்படியாவது ஆள் கிடைத்துவிடுகிறார்கள். ஆள் கிடைக்காத வேலை, பழைய வீரர்கள் யார், என்ன செய்தார்கள் என்று எழுதிவைப்பது. உங்களிடம் நான் கேட்பது அதைத்தான்.

உசிலம்பட்டிப் பக்கத்து அண்ணன் ஒருவர் ஒரு நாள் மஞ்சள் பையோடு வந்தார். இளம்பிள்ளை வாதம் வந்தவர். முப்பது ஆண்டுகளுக்கு முன் குண்டு எறிந்தவர். பைக்குள் சான்றிதழ்கள், ஒன்றோடொன்று ஒட்டிப்போயிருந்தன. ‘ஊனமுற்றோர் விளையாட்டுப் போட்டி, இரண்டாம் இடம்’ என்று இருந்தது. எவ்வளவு தூரம் என்று எதிலும் இல்லை. "ஏழரை மீட்டர் இருக்கும் தம்பி, வேப்பமரத்துப் பக்கம் போய் விழுந்தது" என்றார். போட்டியை நடத்தியவர்கள் அலுவலகம் மாற்றியபோது பதிவேடுகள் பழைய பேப்பர் கடைக்குப் போய்விட்டனவாம். அதைக் கேட்டு எனக்கு வயிறு எரிந்தது.

எழுதிவைத்தால் என்ன நிற்கும் என்று பாருங்கள். 1948 ஜூலை 29 அன்று இங்கிலாந்தின் ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில், டாக்டர் லுட்விக் குட்மன் நடத்திய போட்டியில் 16 பேர் சக்கர நாற்காலியில் இருந்தபடி அம்பெய்தார்கள். மாற்றுத்திறனாளிகளின் ஒலிம்பிக்கான பாராலிம்பிக்கின் தொடக்கம் அதுதான். 1965 போரில் குண்டடிபட்ட நம் ராணுவ வீரர் முரளிகாந்த் பேட்கர், 1972இல் ஜெர்மனியின் ஹைடல்பெர்க்கில் நடந்த பாராலிம்பிக்கில் 50 மீட்டர் நீச்சலை 37.33 விநாடியில் முடித்துத் தங்கம் வென்றார். பத்மஸ்ரீ வர 2018 ஆகிவிட்டது. ஆனாலும் அந்த 37.33 ஏட்டில் இருக்கிறது. அண்ணனின் ஏழரை மீட்டர் அவர் வாயில் மட்டும் இருக்கிறது. 2022 மே மாதம் பிரேசிலில், காது கேளாதோர் ஒலிம்பிக்கில் பேட்மிண்டனில் மூன்று தங்கம் வென்ற ஜெர்லின் அனிகா எங்கள் மதுரைப் பெண். அவருக்கு முன் இந்த ஊரில் மட்டை பிடித்த காது கேளாத பிள்ளைகள் யார் யார் என்று எழுதிய ஒரு தாளைக்கூட நான் பார்த்ததில்லை.

செய்யும் முறை எளிது. சான்றிதழின் இரு பக்கங்களையும் கைப்பேசியில் படமெடுங்கள். லேமினேட் செய்யாதீர்கள், பிறகு பிரிக்க முடியாது. பழைய புகைப்படங்களின் பின்னால் பெயர்களைப் பென்சிலால் எழுதுங்கள். பேனா மை ஊறிவிடும். எடுத்த படத்தில் அடையாள அட்டை எண் தெரிந்தால் மறைத்துவிடுங்கள். எதைப் பகிர்வதானாலும் அவரிடம் கேட்டுவிட்டுச் செய்யுங்கள். பேச உட்கார்ந்ததும் "கால் எப்படிப் போனது?" என்று தொடங்கவே தொடங்காதீர்கள். ஆட்டத்தைக் கேளுங்கள். மற்றதை அவரே சொல்ல நினைத்தால் சொல்லுவார்.

அண்ணனின் பையில் ஒரு செய்தித்தாள் நறுக்கும் இருந்தது. ஏழு பேர் கோப்பையோடு நிற்கிறார்கள். கீழே ‘வெற்றி பெற்றவர்கள்’ என்று மட்டும் அச்சாகியிருக்கிறது. ஒவ்வொரு முகத்திலும் விரலை வைத்து, தன்னையும் சேர்த்து ஐந்து பெயர்களைச் சொன்னார். ஆறாவது முகத்தில் விரல் வெகுநேரம் நின்றது. பெயர் வரவில்லை.

அந்த ஐவரில் ஒருவரைத் தேடிப் போன மாதம் மேலூருக்குப் போனோம். தையல் கடை வைத்திருக்கிறார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு படத்தைப் பார்த்தவர், ஆறாவது ஆளின் பெயரை ஊரோடு சொல்லிவிட்டார். இன்னும் ஒருவர் பாக்கி.