போனா ஸ்ஃபோர்சா: பழி சுமந்த இத்தாலிய மருமகள்

"ஐரோப்பிய வரலாற்றில் அநியாயமாகப் பழி சுமந்த அரசி யார்?" என்று கேட்டிருக்கிறீர்கள். என் பதில், போலந்தின் அரசியாக இருந்த போனா ஸ்ஃபோர்சா.

மிலான் நகரை ஆண்ட ஸ்ஃபோர்சா குடும்பத்தில் 1494-இல் பிறந்த போனா, ஒரு வயது நிறையும் முன்பே தந்தையை இழந்தார். ஆட்சி தந்தையின் சிற்றப்பன் கைக்குப் போய்விட, தாய் இசபெல்லா மகளைத் தென் இத்தாலியின் பாரி நகரில் வளர்த்தார். கைக்கு வந்த நாடு எப்படிப் பறிபோகும் என்பதைத் தாயின் வாழ்க்கையிலிருந்தே அறிந்த அந்தப் பெண், 1518 ஏப்ரலில் போலந்தின் கிராக்கோவ் நகரின் வாவெல் கோட்டையில், யாகியெல்லோன் மரபைச் சேர்ந்த அரசர் முதலாம் சிகிஸ்மண்டை மணந்தபோது அவருக்கு வயது 24. மனைவியை இழந்திருந்த அரசருக்கு 51.

புகுந்த வீட்டில் அவர் அடக்கமாக ஒதுங்கி இருக்கவில்லை, அவரை நான் மதிப்பதும் அதனால்தான். அடகு வைக்கப்பட்டிருந்த அரச நிலங்களைத் தம் பணத்தால் மீட்டார். கணவரின் ஆட்சியிலேயே இருந்த லித்துவேனியாவில் தமக்குரிய நிலங்களை அளந்து, குடியானவர் செலுத்த வேண்டிய வரியை வரையறுத்து, சதுப்புகளைச் சீர்படுத்தச் செய்தார். பின்னர் அவர் மகன் நாடு முழுவதும் கொண்டுவந்த நிலச் சீர்திருத்தத்துக்கு இதுவே முன்னோடி. இன்று உக்ரைனில் உள்ள பார் என்னும் ஊருக்குத் தாம் வளர்ந்த பாரியின் நினைவாகப் பெயரிட்டவரும் அவரே. போலந்துச் சந்தைகளில் கேரட், செலரி, லீக் முதலியவற்றைச் சேர்த்துக் கட்டி விற்கும் சூப்புக் காய்கறிக் கட்டுக்கு 'இத்தாலியச் சரக்கு' என்று பொருள்படும் பெயரே வழங்குகிறது. அக்காய்களில் சில முன்பே அங்கு இருந்தவை என்றாலும், மக்கள் அதனை இந்த அரசியோடு சேர்த்தே சொல்கிறார்கள்.

ஆனால் நிலம் சேர்த்த அரசியைப் பிரபுக்கள் பொறுக்கவில்லை. அரசர் உயிரோடு இருக்கும்போதே ஒன்பது வயது மகனை அடுத்த அரசராகத் தேர்ந்தெடுக்கச் செய்து, 1530-இல் முடிசூட்டவும் வைத்தது அவர்களின் கோபத்தை வளர்த்தது. அந்த மகனோ 1547-இல், தாய்க்குத் தெரியாமல் பார்பரா ராட்சிவில் என்ற கைம்பெண்ணை மணந்தார். போனா அத்திருமணத்தைக் கடுமையாக எதிர்த்தார். இதில் அவர் பக்கம் நான் நிற்க மாட்டேன். ஆயினும், முடிசூடிய சில மாதங்களில், 1551-இல் பார்பரா நோயுற்று இறந்தபோது, மாமியார் நஞ்சு வைத்தார் என்று ஊர் பேசியதற்கு எந்தச் சான்றும் இல்லை. இத்தாலியப் பெண் என்றாலே நஞ்சு என்று எண்ணிய காலத்தின் வெறுப்பு அது.

1556-இல் பெருஞ்செல்வத்துடன் பாரிக்குத் திரும்பிய போனா, ஸ்பெயின் அரசர் இரண்டாம் பிலிப்புக்கு 4,30,000 டக்கட் பொற்காசுகளைக் கடனாகக் கொடுத்தார். அடுத்த ஆண்டு நவம்பரில், போனாவின் நம்பிக்கைக்குரிய அலுவலரான பப்பகோடாவே அவருக்கு நஞ்சு கொடுத்தார் என்பது வரலாற்றாசிரியர் பலரின் முடிவு. சாகும் தறுவாயில் எழுதப்பட்ட உயில் பாரியைப் பிலிப்புக்கே அளித்தது. கடனில் பெரும்பகுதி போலந்துக்குத் திரும்பவே இல்லை.

பாரியின் புனித நிக்கோலாஸ் பேராலயத்தில் பலிபீடத்தின் பின்னே உள்ள அவரது கல்லறையை, பல ஆண்டுகளுக்குப் பிறகு, தாமும் போலந்தின் அரசியான மகள் அன்னா எழுப்பினார்.